சினிமாவை விரும்பாத கதாநாயகர்!

காந்தி அடிகள் காந்தி அடிகளாகவே தோன்றிய தமிழ்ப் படத்தின் கதை

அவர் முகத்தில் மேக்கப் போட்டது இல்லை. வசனம் மனப்பாடம் செய்தது இல்லை. கேமராவுக்காக நின்று காட்டும் பழக்கமும் அவருக்கு இல்லை. சினிமா பார்த்ததே இல்லை என்று தமது 58-வது வயதில் எழுதிக் கொடுத்தவர் அவர்.

ஆனாலும் ஒரு முழு நீளத் தமிழ்ப் படத்துக்கு அவர்தான் கதாநாயகர். அந்தப் படத்தின் நீளம் 12,000 அடி!

அவர் வேறு யாரும் அல்ல. மகாத்மா காந்திதான்.

அந்தப் படத்தில் காந்தி வேடத்தில் யாரும் நடிக்கவில்லை. காந்தி அடிகளே காந்தி அடிகளாகத் தோன்றினார். படத்தை எடுத்தவர் ஒரு தமிழர். அப்போது அவருக்கு முப்பது வயதுகூட நிறையவில்லை.

கல் சொல்லாதது

கன்னியாகுமரிக்குப் போகிறவர்கள் காந்தி மண்டபத்தைப் பார்க்காமல் வருவது இல்லை. 1948 பிப்ரவரி 12 அன்று காந்தி அடிகளின் அஸ்தி இங்கே கடலில் கரைக்கப்பட்டது. கரைப்பதற்கு முன் மக்கள் பார்ப்பதற்காக அஸ்திக் கலசத்தை வைத்திருந்த இடத்தில்தான் மண்டபம் எழுந்தது. 1956-ல் அது கட்டி முடிந்தது. நடுக் கோபுரத்தின் உயரம் 79 அடி. அவர் மறைந்தபோது நடந்த வயதும் 79. ஆண்டுதோறும் அக்டோபர் 2 அன்று நண்பகலில், கலசம் இருந்த இடத்தில் சூரிய ஒளி விழும்படி கட்டியிருக்கிறார்கள்.

கூட வரும் குழந்தைகள் சும்மா இருப்பார்களா? "காந்தி தாத்தா எப்படி நடப்பார்? வேகமாகவா, மெதுவாகவா? சிரிச்சா எப்படி இருக்கும்? குரல் கனமா, மெல்லிசா?" என்று கேட்பார்கள்.

இதற்குக் கல் பதில் சொல்லாது. சிலையும் சொல்லாது. ஓவியம் வரைந்தாலும் அது ஓவியர் கண்ட காந்திதான். இந்தக் கேள்விகளுக்குப் பதில் சொல்லக்கூடியது ஒன்றே ஒன்று. அது அவரை உயிரோடு எடுத்த சினிமாச் சுருள்.

குமரிக்கு வந்தார்

காந்தி அடிகள் உயிரோடு இருந்தபோது கன்னியாகுமரிக்கு வந்திருக்கிறார். 1925-ல் வைக்கம் போராட்டத்தை ஒட்டித் திருவிதாங்கூருக்கு வந்தவர், குமரி முனைக்கும் வந்தார். அப்போது அவரால் பகவதி அம்மன் கோவிலுக்குள் போக முடியவில்லை. காரணம் என்ன தெரியுமா? அவர் சீமைக்குப் போய் வந்தவர்! கடல் கடந்தவருக்குக் கோவிலில் இடம் இல்லை என்பது அந்தக் கால வழக்கம்.

1936 நவம்பர் 12 அன்று திருவிதாங்கூர் மகாராஜா ஆலயப் பிரவேசப் பிரகடனம் செய்தார். எல்லா இந்துக்களுக்கும் கோவில் கதவு திறந்தது. அடுத்த இரண்டே மாதத்தில், 1937 ஜனவரியில், காந்தி மறுபடியும் திருவிதாங்கூருக்கு வந்தார். குமரி முனைக்கும் வந்தார்.

அந்த நாட்களில் அவரை நேரில் பார்த்தவர்கள் பாக்கியசாலிகள். ஆனால் ஒரு ஊருக்கு ஒரு தலைவர் எத்தனை முறை வர முடியும்? கூட்டத்தின் பின்வரிசையில் நின்றவர்களுக்கு ஒரு வெள்ளைத் துணியும் ஒரு கைகூப்பும்தான் தெரிந்திருக்கும். வயலை விட்டு, வலையை விட்டு வர முடியாதவர்களுக்கு அதுவும் இல்லை.

காந்தி அங்கே போக முடியாவிட்டால் என்ன? அவருடைய படம் போகலாமே! இந்த எண்ணம் ஒரு தமிழருக்குத்தான் வந்தது. அதைச் சொல்வதற்கு முன், சினிமாவுக்கும் காந்திக்கும் எப்படிப்பட்ட உறவு இருந்தது என்று பார்ப்போம்.

சாயலுக்கே தடை!

1921-ல் "பக்த விதுரன்" என்று ஒரு மௌனப் படம் வந்தது. மகாபாரதக் கதைதான். ஆனால் அதில் வந்த விதுரர் கதர்ச் சட்டையும் காந்தி குல்லாயும் அணிந்திருந்தார். பார்த்தவர்கள், "இது விதுரர் அல்ல, காந்தி!" என்று புரிந்துகொண்டார்கள். வெள்ளைக்கார அதிகாரிகளும் புரிந்துகொண்டார்கள். சென்னை மாகாணத்தில் படத்துக்குத் தடை விழுந்தது.

காந்தியின் சாயல் இருந்ததற்கே தடை என்றால் உண்மைக் காந்திக்கு என்ன கதி? 1930-ல் உப்புச் சத்தியாக்கிரகம் நடந்தது. தண்டி நடையைப் படம் பிடித்தவர்கள் உண்டு. அந்தப் படங்களைப் பல மாகாணங்களில் காட்டக்கூடாது என்று அரசு உத்தரவு போட்டது.

துப்பாக்கிக்கு அஞ்சாத அரசு ஒரு திரைச்சீலைக்கு அஞ்சியது!

அரசு அஞ்சிய அந்த சினிமாவைக் காந்தியாவது விரும்பினாரா? அதுவும் இல்லை. 1927-ல் இந்திய சினிமாவைப் பற்றி ஆராய அரசு ஒரு குழு அமைத்தது. அதற்குத் தலைவர் சென்னை வக்கீல் திவான் பகதூர் ரங்காச்சாரி. குழு பல பிரமுகர்களுக்குக் கேள்வித்தாள் அனுப்பியது. காந்திக்கும் அனுப்பியது. தாம் சினிமா பார்த்ததே இல்லை என்றும், வெளியில் இருந்து பார்ப்பவருக்கே அதன் தீமை தெரிகிறது என்றும் அவர் பதில் எழுதிவிட்டார்.

பிற்காலத்தில், 1944-ல், உடல் நலிந்து பம்பாய் ஜுஹுவில் தங்கியிருந்தபோது "ராம ராஜ்யம்" என்ற படத்தை அவருக்குப் போட்டுக் காட்டினார்கள். அவர் பார்த்த இந்தியப் படம் அது ஒன்றுதான்.

அமெரிக்கக் கேமராவின் முன்னே

1931 ஏப்ரல் மாதம். குஜராத்தில் போர்சாத் என்ற ஊர். ஃபாக்ஸ் மூவிடோன் என்ற அமெரிக்கச் செய்திப்படக் கம்பெனியார் அங்கே வந்து இறங்கினார்கள். படத்தோடு குரலையும் பிடிக்கும் கருவி அவர்களிடம் இருந்தது. இந்தியாவில் முதல் பேசும் படமான "ஆலம் ஆரா" வெளிவந்து சில வாரங்களே கழிந்திருந்த காலம் அது.

காந்தி தரையில் உட்கார்ந்திருந்தார். மேலே சட்டை இல்லை. பேட்டி காண்பவர் கேள்வி கேட்டார். காந்தி அவசரப்படாமல், யோசித்து யோசித்துப் பதில் சொன்னார். அந்தப் படத்தை இன்றும் பார்க்கலாம். குரல் கனமானது அல்ல, மெல்லியது. ஒவ்வொரு சொல்லையும் நிறுத்திப் பேசுவார்.

லண்டனில் அரசரைப் பார்க்க நேர்ந்தால் இந்த உடையோடுதான் போவீர்களா என்று ஒரு கேள்வி வந்தது. வேறு உடையில் போனால் அது பொய்த் தோற்றம் ஆகிவிடும், அதுதான் அரசருக்குச் செய்யும் மரியாதைக் குறைவு என்ற கருத்தில் காந்தி விடை சொன்னார்.

ஒரே ஒரு பதில்தான். ஆனால் சினிமாவில் "தானாகவே" தோன்றுவது என்றால் என்ன என்பதற்கு இதைவிட நல்ல விளக்கம் கிடையாது.

சொன்னபடியே அந்த ஆண்டு லண்டனுக்கு அரை வேட்டியுடன் போனார். அங்கே 1931 செப்டம்பர் 22 அன்று ஒரு சந்திப்பு நடந்தது. அவரைப் பார்க்க வந்தவர் சார்லி சாப்ளின்! உலகமே அறிந்த சிரிப்பு நடிகர். ஆனால் அவர் யார் என்று காந்திக்குப் பக்கத்தில் இருந்தவர்கள்தான் எடுத்துச் சொல்ல வேண்டியிருந்தது. இருவரும் இயந்திரங்களால் மனிதனுக்கு நன்மையா தீமையா என்று பேசினார்கள். ஐந்து ஆண்டுகள் கழித்து, 1936-ல், இயந்திரத்தில் சிக்கித் தவிக்கும் தொழிலாளியின் கதையைச் சாப்ளின் படமாகக் கொடுத்தார்.

கப்பலில் பிறந்த எண்ணம்

இப்போது நம் தமிழரிடம் வருவோம்.

அவர் பெயர் அ. கருப்பன் செட்டியார். ஏ. கே. செட்டியார் என்றால்தான் எல்லாருக்கும் தெரியும். செட்டிநாட்டில் கோட்டையூர்க்காரர். 1911-ல் பிறந்தார். செட்டிநாட்டுப் பிள்ளைகள் கடல் கடந்து போனால் வட்டிக் கடைக்கும் வியாபாரத்துக்கும்தான் போவார்கள். இவர் போனது போட்டோ படிக்க! ரங்கூனில் பத்திரிகை நடத்தினார். பிறகு ஜப்பானுக்குப் போய்ப் புகைப்படக் கலை கற்றார். அங்கிருந்து அமெரிக்கா போய் நியூயார்க்கிலும் கற்றார். "உலகம் சுற்றிய தமிழன்" என்று ஊரார் அவரை அழைத்தது இதனால்தான்.

1937 அக்டோபர் 2. காந்தி ஜெயந்தி. ஏ. கே. செட்டியார் நியூயார்க்கில் இருந்து அயர்லாந்து நாட்டு டப்ளின் நகருக்குக் கப்பலில் போய்க்கொண்டிருந்தார். கப்பலின் பெயர் "சமாரியா". சுற்றிலும் தண்ணீர். ஊர் எங்கோ இருக்கிறது. அன்று காந்தி பிறந்த நாள் என்பது நினைவுக்கு வந்தது. அப்போதுதான் அந்த எண்ணம் உதித்தது.

காந்தியின் வாழ்க்கையைப் படமாக எடுத்தால் என்ன? அதுவும் நடிகர்களை வைத்து அல்ல. உலகத்தில் எங்கெல்லாம் யார் யார் காந்தியைப் படம் பிடித்திருக்கிறார்களோ, அந்தச் சுருள்களை எல்லாம் தேடிச் சேர்த்தால்?

சொல்வது சுலபம். பணத்துக்கு எங்கே போவது? அந்த நாளில் சினிமாவில் பணம் போடுகிறவர்கள் பாட்டும் கூத்தும் இருக்கிறதா என்றுதான் பார்ப்பார்கள். கதாநாயகி இல்லை, சண்டை இல்லை, சிரிப்பு நடிகர் இல்லை. கதாநாயகருக்கோ சினிமாவே பிடிக்காது! போதாக்குறைக்கு அரசாங்கத்தின் கோபம் வேறு. வக்கீல் பேச்சும் வியாபாரக் கணக்கும் இதற்கு எதிர்ப்பக்கமே நின்றன. செட்டியார் அஞ்சவில்லை. "டாக்குமெண்டரி பிலிம்ஸ்" என்ற பெயரில் ஒரு கம்பெனி தொடங்கினார்.

ஒரு லட்சம் மைல்

பிறகு தொடங்கியது தேடல். நான்கு கண்டங்கள். ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம். ஏறக்குறைய இரண்டரை ஆண்டுகள்.

அன்று விமானத்தில் ஏறி மறுநாள் இறங்கும் காலம் அல்ல. கப்பலும் ரயிலும்தான். ஐரோப்பாவில் போர் மேகம் சூழ்ந்திருந்தது. 1939 செப்டம்பரில் போரே வெடித்துவிட்டது.

காந்தி வாழ்ந்து போராடிய தென்னாப்பிரிக்காவுக்குச் செட்டியார் போனார். கோபால கிருஷ்ண கோகலே 1912-ல் தென்னாப்பிரிக்கா சென்றபோது, அவருக்குப் பக்கத்தில் இருந்த காந்தியை யாரோ படம் பிடித்திருந்தார்கள். அப்போது அவர் அரை வேட்டிக் காந்தி அல்ல. கோட்டு அணிந்த வக்கீல் காந்தி! அப்படி எங்கெங்கோ கிடந்த துண்டுகளை எல்லாம் விடாமல் விரட்டிப் பிடித்தார். செய்திப்படக் கம்பெனிகளின் வாசலில் காத்திருந்தார். தனியாரிடம் கேட்டார். பணம் கொடுத்தும் வாங்கினார், நயந்து பேசியும் வாங்கினார்.

கடைசியில் சேர்ந்த சுருளின் நீளம் 50,000 அடி. முப்பது ஆண்டுக் காலத்தில், ஏறத்தாழ நூறு கேமராக்காரர்கள், ஒருவரை ஒருவர் அறியாமல் எடுத்தது. அந்த நூறு பேரும் சேர்ந்து ஒரே படத்துக்கு உழைத்தவர்கள் ஆனார்கள்!

அடிக் கணக்கு

"50,000 அடி என்றால் எவ்வளவு?" என்று வாசகர்கள் கேட்கலாம். கணக்கு இதோ.

சினிமாச் சுருளில் ஒரு அடி நீளத்துக்குள் 16 சிறு படங்கள் இருக்கும். பேசும் படத்தில் ஒரு விநாடிக்கு 24 சிறு படங்கள் ஓட வேண்டும். அதாவது ஒரு நிமிஷத்துக்கு 90 அடி. இந்த வேகத்தில் ஓட்டினால் 50,000 அடியைப் பார்த்து முடிக்க ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஆகும். மாலை ஆட்டத்துக்குப் போனவர் விடியற்காலையில்தான் வீடு திரும்புவார்!

அதனால் வெட்டினார்கள். ஐந்தில் ஒரு பங்கை விடக் கொஞ்சம் கூடுதலாக வைத்துக்கொண்டார்கள். 12,000 அடி மிஞ்சியது. ஓடும் நேரம் இரண்டே கால் மணிக்குச் சற்றுக் குறைவு.

இன்னொரு தொல்லையும் உண்டு. பழைய மௌனப் படங்களை எடுத்தவர்கள் கைப்பிடியைச் சுற்றி எடுத்தார்கள். விநாடிக்கு 16, 18 என்று அவரவர் வேகம். அதைப் பேசும் படக் கருவியில் ஓட்டினால் மனிதர்கள் குடுகுடு என்று ஓடுவார்கள். பழைய செய்திப் படங்களில் தலைவர்கள் பொம்மை போல விறுவிறு என்று நடப்பது இதனால்தான். காந்தி அடிகள் உண்மையிலேயே வேகமாக நடப்பவர். பழைய படத்தில் அவர் இன்னும் வேகமாகத் தெரிந்தால், பாதி அவர் காலின் வேகம், பாதி கருவியின் வேகம்!

ராக்சி கொட்டகையில்

1940 ஆகஸ்டு 23. சென்னை ராக்சி தியேட்டரில் "மகாத்மா காந்தி" படம் வெளிவந்தது. தமிழில் விளக்கம் பேசியது. பிறகு தெலுங்கிலும் வந்தது.

காலத்தைக் கவனியுங்கள். உலகப் போர் நடக்கிறது. காங்கிரஸ் மந்திரிசபைகள் ராஜினாமா செய்துவிட்டன. அதே 1940-ல், பாபநாசம் சிவன் நடித்த "தியாக பூமி" என்ற படத்துக்கு அரசு தடை விதித்தது. அப்படிப்பட்ட ஆண்டில், காந்தியைத் தவிர வேறு கதாநாயகர் இல்லாத படத்தைக் கொட்டகையில் ஓட்டுவது எவ்வளவு துணிச்சல்!

1942-ல் "வெள்ளையனே வெளியேறு" போராட்டம் தொடங்கியது. காந்தி சிறைக்குப் போனார். படத்தை வெளியில் காட்ட முடியவில்லை. 1947 ஆகஸ்டு 15, சுதந்திரத் திருநாளில், இந்தி விளக்கத்தோடு அது டில்லியில் திரையிடப்பட்டது. 1953-ல் செட்டியார் அமெரிக்கா சென்று, ஆலிவுட்டில் அதை ஆங்கிலத்தில் புதிதாகத் தொகுத்தார்.

இவ்வளவும் செய்த செட்டியார் தம்மைப் பற்றிப் பேசவே கூச்சப்படுவார். 1943 முதல் ஒரு மாதப் பத்திரிகை நடத்தினார். அந்தப் பத்திரிகையின் பெயர் நம் ஊரை நினைவூட்டும். "குமரி மலர்"! 1983-ல் அவர் காலமானார்.

தாமே தாமாக வந்தவர்கள்

பிரபலமானவர்கள் தங்கள் சொந்தப் பெயரிலேயே படத்தில் தோன்றுவது பிறகு சகஜமாகிவிட்டது.

எம். எஸ். சுப்புலட்சுமி நடித்த "மீரா" படம் தமிழில் 1945-ல் வந்தது. 1947-ல் அதை இந்தியில் வெளியிட்டபோது, வடநாட்டாருக்கு எம். எஸ்ஸை யார் அறிமுகம் செய்வது? கவியரசி சரோஜினி நாயுடுவே திரையில் தோன்றி அறிமுகம் செய்தார்.

1964-ல் வந்த "சர்வர் சுந்தரம்" படத்தைப் பார்த்தவர்களுக்கு நினைவு இருக்கும். பாட்டுப் பதிவாகும் காட்சியில் மெல்லிசை மன்னர் விஸ்வநாதனும் பாடகர் டி. எம். சௌந்தரராஜனும் தாங்களாகவே வருவார்கள். 1971-ல் "குட்டி" என்ற இந்திப் படத்தில் நடிகர் தர்மேந்திரா தர்மேந்திராவாகவே வந்தார். சினிமா நடிகர் மேல் மோகம் கொண்ட பள்ளிப் பெண்ணின் கதை. அதையே தமிழில் 1975-ல் "சினிமாப் பைத்தியம்" என்று எடுத்தார்கள். அதில் ஜெய்சங்கர் ஜெய்சங்கராகவே வந்தார். 1984-ல் "அன்புள்ள ரஜினிகாந்த்" வந்தது. பெயரே சொல்லிவிடுகிறதே!

வெளிநாட்டிலும் இப்படி உண்டு. ஸ்பெயின் தேசத்தில் கால்பந்து ஆட்டக்காரர்கள் இப்படித் திரைக்கு வந்தார்கள். ஹங்கேரியில் இருந்து தப்பி ஓடிவந்து பார்சிலோனா அணியில் ஆடிய குபாலா, 1955-ல் தமது கதையைச் சொல்லும் படத்தில் தாமே நடித்தார். மாட்ரிட் அணியின் புகழ்பெற்ற வீரர் டி ஸ்டெஃபானோவும் நடித்தார். கால்பந்து என்றால் உயிரை விடும் தூத்தூர்க் கடற்கரை இளைஞர்களுக்கு இந்தப் பெயர்கள் புதியவை அல்ல.

ஆனால் ஒரு வித்தியாசம் உண்டு. ஜெய்சங்கர் ஜெய்சங்கராக வந்தாலும் அவர் பேசியது வேறொருவர் எழுதிய வசனம். குபாலா குபாலாவாக வந்தாலும் டைரக்டர் "ஸ்டார்ட்" சொன்ன பிறகுதான் அழுதார், சிரித்தார். அது தன்னைப் போலத் தானே நடிப்பது. காந்தி நடிக்கவில்லை. அவர் நடந்தார், அதைக் கேமரா பார்த்தது. அவ்வளவுதான்.

கர்மவீரர் காமராஜரையும் இப்படித்தான் பார்த்தோம். 1969 முதல் 1975-ல் மறையும் வரை அவர் நாகர்கோவில் தொகுதியின் பாராளுமன்ற உறுப்பினர். அந்த நாளில் கொட்டகையில் பெரிய படம் தொடங்கும் முன் அரசாங்கச் செய்திப் படம் ஓடும். கடலை கொறித்துக்கொண்டு "எப்போதடா படம் போடுவான்?" என்று காத்திருப்போம். அந்தச் சில நிமிஷங்களில்தான் நேருவும் காமராஜரும் நடந்து போவார்கள். அலட்சியமாகப் பார்த்த அந்தத் துண்டுதான் பின்னால் சரித்திரம் ஆயிற்று. அதற்கு முன்னால் பார்த்த பல பெரிய படங்களின் பெயரே மறந்துபோயிற்று!

நாஞ்சில் நாட்டின் நஷ்டம்

சினிமாச் சுருள் சிரஞ்சீவி அல்ல. 1950 வரை பெரும்பாலான படங்களை எடுத்தது நைட்ரேட் என்ற வகைச் சுருளில். எளிதில் தீப்பிடிக்கும். பிடித்தால் அணைப்பது கடினம். தீ இல்லாவிட்டாலும் வெப்பத்திலும் ஈரத்திலும் பிசுபிசுத்து, கடைசியில் பொடியாகிவிடும். இதற்கு நம் ஊரிலேயே சாட்சி உண்டு.

அகஸ்தீஸ்வரத்தில் பிறந்தவர் ஜே. சி. டேனியல். மலையாள சினிமாவின் தந்தை என்று கேரளம் அவரைக் கொண்டாடுகிறது. அவர் பெயரில் ஆண்டுதோறும் விருது கொடுக்கிறது. மௌனப் பட காலத்தில், சொத்தை விற்று "விகதகுமாரன்" என்ற படத்தைத் திருவனந்தபுரத்தில் எடுத்தார். தாமே கதாநாயகராகவும் நடித்தார். தாழ்த்தப்பட்ட குலத்தில் பிறந்த ரோசி என்ற பெண் அதில் உயர்ந்த குலப் பெண்ணாக நடித்தாள். அதைப் பொறுக்காதவர்கள் கலகம் செய்தார்கள். அந்தப் பெண் ஊரை விட்டே ஓட வேண்டியதாயிற்று. டேனியல் கைப்பொருள் எல்லாம் இழந்தார். பிறகு பல் வைத்தியராகிப் பிழைத்தார். 1975-ல் மறைந்தார்.

அந்தப் படத்தில் இன்று ஒரு அடிகூட மிஞ்சவில்லை. முதல் மலையாளப் படத்தின் முதல் கதாநாயகி எப்படி நடந்தாள், எப்படிச் சிரித்தாள் என்று இனி யாராலும் பார்க்க முடியாது.

இன்னொரு கதையைக் கேளுங்கள். டேனியலின் உறவினர், நாகர்கோவில் சுந்தரராஜ். பத்மநாபபுரத்தில் இருந்து நாடாண்ட மார்த்தாண்ட வர்மா மகாராஜாவின் கதையை 1933-ல் மௌனப் படமாக எடுத்தார். சி. வி. ராமன் பிள்ளை எழுதிய நாவல் அது. நாவலின் உரிமை ஒரு புத்தகக் கம்பெனியிடம் இருந்தது. "எங்கள் அனுமதி இல்லாமல் எப்படி எடுக்கலாம்?" என்று அவர்கள் கோர்ட்டுக்குப் போனார்கள். படம் நின்றது. சுருள் கைப்பற்றப்பட்டது. தயாரிப்பாளருக்குப் பெரும் நஷ்டம்.

ஆனால் வேடிக்கையைப் பாருங்கள்! ஓடிய படங்கள் எல்லாம் ஓடி ஓடித் தேய்ந்து அழிந்தன. வழக்கில் சிக்கி முடங்கிய இந்தப் படம் புத்தகக் கம்பெனியின் பொறுப்பில் பத்திரமாக இருந்தது. 1974-ல் புனாவில் உள்ள தேசியத் திரைப்படக் காப்பகம் அதைப் பெற்றது. தென்னாட்டு மௌனப் படங்களில் இன்று பார்க்கக் கிடைக்கும் அபூர்வமான படம் அது. தயாரிப்பாளரைக் கெடுத்த வழக்கு படத்தைக் காத்தது!

தமிழ்ப் படம் எங்கே?

நூறு கேமராக்காரர்கள் எடுத்து, ஒரு லட்சம் மைல் அலைந்து சேர்த்த காந்தி படம் என்ன ஆயிற்று?

1940-ல் ராக்சியில் ஓடிய தமிழ்ப் படம் அப்படியே முழுமையாக நமக்குக் கிடைக்கவில்லை. செட்டியார் மறைந்து இருபது ஆண்டுகளுக்கும் மேல் ஆன பிறகு, அவருடைய எழுத்துகளைத் தேடித் தொகுத்த வரலாற்று ஆசிரியர் ஆ. இரா. வேங்கடாசலபதி, படத்தையும் தேடினார். அமெரிக்காவில் சான் பிரான்சிஸ்கோ நகரத்துப் பல்கலைக்கழகம் ஒன்றில் ஆங்கில வடிவத்தின் சுருக்கமான பிரதி இருப்பதைக் கண்டுபிடித்தார். அதில் காந்தி நடக்கிறார், சிரிக்கிறார். ஆனால் விளக்கம் ஆங்கிலத்தில். தமிழ் மக்கள் 1940-ல் காதால் கேட்ட தமிழ் அதில் இல்லை.

இது எவ்வளவு பெரிய இழப்பு என்று சிலர் கேட்கலாம். "காந்தி படங்கள்தான் வேறு இருக்கின்றனவே!" என்பார்கள். உண்மைதான். 1968-ல் விட்டல்பாய் ஜாவேரி ஐந்தரை மணி நேரம் ஓடும் காந்தி படத்தைத் தொகுத்தார். 1982-ல் வெளிநாட்டு நடிகர் காந்தியாக நடித்த பெரிய படம் வந்தது. காந்தியின் முகத்துக்கு அழிவு இல்லை.

அழிந்தது வேறு. எழுதப் படிக்கத் தெரியாத ஒரு கோட்டாறு நெசவாளியும், குளச்சல் மீனவரும், தோவாளைப் பூக்காரியும் படித்துத் தெரிந்துகொள்ள முடியாததைக் கண்ணால் பார்த்துத் தெரிந்துகொள்ளட்டும் என்று, அவர்கள் பாஷையில் ஒருவர் செய்த முயற்சி அது. அந்தக் குரல்தான் போயிற்று.

நம் ஊர்க் கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் இதை நன்றாகப் புரிந்துகொண்டவர். ஒழுகினசேரியில் பிறந்த அவர், காந்தி கதையை வில்லுப்பாட்டாகப் பாடினார். நாகர்கோவிலில் காந்திக்கு நினைவுத் தூணும் எழுப்பினார். தூண் கண்ணுக்கு, பாட்டு காதுக்கு. செட்டியாரின் படம் இரண்டுக்கும் சேர்த்து!

பெட்டியைத் திறந்து பாருங்கள்

சரித்திரம் பெரிய மனிதர் வீட்டில் மட்டும் இல்லை. 1912-ல் கோகலேயைப் படம் பிடித்தவர், பக்கத்தில் நின்ற வக்கீல் பின்னால் மகாத்மா ஆவார் என்று நினைத்திருக்க மாட்டார். எடுத்து வைத்தார், அதனால் நமக்குக் கிடைத்தது.

உங்கள் வீட்டுப் பரணிலும் பழைய சுருளோ, கேசட்டோ, ஒலிநாடாவோ இருக்கலாம். பழைய கல்யாண வீடியோவில் இறந்துபோன தாத்தா பந்தியில் நின்று பாயசம் பரிமாறிக்கொண்டிருப்பார். அப்போது அவர் நடிக்கவில்லை. அவர் அவராகவே இருந்தார். கேசட்டில் பூஞ்சை பிடிப்பதற்கு முன், கம்ப்யூட்டர் தெரிந்த பிள்ளைகளிடம் கொடுத்து நகல் எடுத்து வையுங்கள். ஒன்றுக்கு இரண்டாக எடுத்து, இரண்டு வீட்டில் வையுங்கள். படத்தில் இருப்பவர் யார், எந்த ஊர், எந்த ஆண்டு என்று ஒரு தாளில் எழுதிக் கூடவே வைத்துவிடுங்கள். வீட்டில் மூத்தவர்கள் இருக்கும்போதே கேட்டு எழுதினால்தான் உண்டு.

அடுத்த முறை குமரி முனையில் பேரப் பிள்ளை, "காந்தி தாத்தா எப்படி நடப்பார்?" என்று கேட்டால், 1931-ல் எடுத்த அந்தப் பேசும் படத்தையும் பழைய செய்திப் படங்களையும் போட்டுக் காட்டுங்கள். காந்தி அங்கே நடந்துகொண்டிருக்கிறார். வேகமாகத்தான்.